கயிற்றுக்குக் கீழே என் வீட்டுக்காரர்

என் வீட்டுக்காரருக்கு உயரம் என்றால் ஆகாது. எந்த அளவுக்கு என்றால், மொட்டை மாடியில் துணி காயப்போடப் போனால் நட்ட நடுவில் நின்றுகொண்டு கையை மட்டும் நீட்டிப் போடுவார். கைப்பிடிச் சுவர்ப் பக்கம் தலைவைத்துப் படுக்க மாட்டார். தண்ணீர்த் தொட்டி கழுவ ஏணியில் ஏறுவது நான். பல்பு மாட்ட ஸ்டூலில் ஏறுவதும் நான். அவர் கீழே குனிந்து ஸ்டூலின் காலைக் கெட்டியாகப் பிடித்துக்கொண்டு, “பாத்து, பாத்து” என்பார். முழங்கால் உயரம்கூட இல்லாத ஸ்டூல் அது!

இந்த மனுஷன்தான், நான் இத்தனை வருஷமாக மலையிலும் பாறையிலும் தொங்கி எடுத்துவந்ததையெல்லாம் வெட்டி ஒட்டி முழுப்படமாக ஆக்கியவர். நான் கேமரா, அவர் எடிட்டர். பாறை ஏறுபவர்கள், சுழித்து ஓடும் ஆற்றில் ஒற்றை ஆளாகத் துடுப்புப் போடுபவர்கள், மலை உச்சியிலிருந்து பாராசூட்டோடு ஓடிக் குதிப்பவர்கள் என்று ஒருத்தர் விடாமல் டாக்குமெண்டரி எடுத்திருக்கிறேன். பனிக் காட்டிலும் முள்ளுக் காட்டிலும் கூடாரம் போட்டுக் கிடந்திருக்கிறேன். அந்தக் காடு மலை அத்தனையும் கடைசியில் வந்து சேர்ந்த இடம், நெல்லித்தோப்பில் எங்கள் மாடி வீட்டில் ஜன்னலுக்குக் கறுப்புத் துணி போட்ட ஒரு சின்ன அறை.

கீழ் வீட்டில் அவருடைய அத்தை. பிரெஞ்சுக்காரர்கள் விட்டுப்போன வழக்கத்தில் அவரைத் ‘தாந்த்’ என்றுதான் கூப்பிடுவோம். கீரை விற்க வருகிற அம்மாவுக்கும் அவர் தாந்த்தான். தாந்துக்கு என் தொழில் இன்றுவரை பிடிபடவில்லை.

“இன்னா சீரியலு எடுக்குற நீ? எந்த டிவில வருது?”

“சீரியல் இல்ல தாந்த். மலை ஏறுறவங்கள, மேல இருந்து குதிக்கிறவங்கள படம் எடுக்கிறேன்.”

“அவனுங்களுக்குத்தான் வேற வேல இல்ல. உனக்குமா இல்ல?”

அவரிடம் இதற்குமேல் பேசி ஜெயிக்க முடியாது.

நான் அதே ஊரில் உப்பளம் பக்கத்துக்காரி. மைதானத்துச் சுவரில் ஏறி உட்கார்ந்து, டிக்கெட் எடுக்காமல் ஃபுட்பால் பார்த்து வளர்ந்தவள். படித்து முடித்ததும் ஒரு கல்யாண வீடியோக் கடையில் கேமரா பிடித்தேன். ஒரு மாப்பிள்ளை அழைப்பை மேலிருந்து எடுத்தால் நன்றாக வரும் என்று எதிர்வீட்டு சன்ஷேடில் ஏறி நின்றுவிட்டேன். ஊர்வலத்தில் ஒருத்தரும் மாப்பிள்ளையைப் பார்க்கவில்லை. அத்தனை பேரும் வாயைப் பிளந்துகொண்டு என்னையே பார்த்தார்கள். அந்தக் கேசட்டை வெட்ட உட்கார்ந்தவர் கடையில் எல்லாரையும் கேட்டாராம்: “யாருப்பா இந்த கேமரா? ஊரே பேயக் கண்ட மாதிரி நிக்குது?” அந்தப் பேயைத்தான் பிறகு கட்டிக்கொண்டார்.

எங்கள் வேலையில் ஒரு வேடிக்கை உண்டு. பாறையில் ஒருவன் நகத்தைக் கொடுத்துத் தொங்குவதை டிவியில் பார்ப்பவர்கள் “யப்பா, என்னா தைரியம்!” என்பார்கள். அவனுக்குப் பக்கத்தில் தொங்கிக்கொண்டு அதை எடுத்தது யார் என்று ஒருத்தருக்கும் தோன்றாது. அவன் ஏறினால் நானும் ஏறித்தானே ஆகணும்? அவனுக்காவது ரெண்டு கை. எனக்கு ஒரு கையைக் கேமரா எடுத்துக்கொள்ளும். என் சொந்தக்காரர்களே நான் கீழே நாற்காலி போட்டு உட்கார்ந்து எடுப்பதாகத்தான் நினைத்துக்கொண்டிருக்கிறார்கள். நானும் திருத்துவதில்லை.

ஆனால் என் வீட்டுக்காரரை ஏமாற்ற முடியாது. எடுத்தபடியே வரும் படத்தையும் சத்தத்தையும் எங்கள் தொழிலில் ரஷ் என்போம். “ரஷ்ல யாரும் கைய வெக்கக் கூடாது. குப்பையோ நல்லதோ, எடுத்தத எடுத்தபடி கொண்டாந்து குடு. நான் பாத்துக்கிறேன்” என்பது அவர் போட்ட சட்டம். இந்த ஒரு விஷயத்தில் மட்டும் மனுஷன் சிங்கம். அதனால் நான் மேலே மூச்சு வாங்கியது, வாய்க்கு வந்தபடி பாறையைத் திட்டியது, கால் வழுக்கியபோது அலறியது எல்லாமே அவர் காதுக்குப் போய்விடும். மலையிலிருந்து இறங்கி சிக்னல் கிடைத்ததும் நான் போனில் சொல்வது ஒரே சொல்தான்: “ஒண்ணும் ஆகல.” அவரும் “ம்” என்பார். ரஷ் போய்ச் சேர்ந்த பிறகுதான் விசாரணை.

“அந்த அருவி கிளிப்புல எதுக்கு ‘ஐயோ அம்மா’ன்னு கத்துன?”

“தேளு.”

“அவ்ளோ உசரத்துலயா?”

“உசரமான தேளு. வேலையப் பாருங்க.”

சிரித்துவிடுவார். ஆனால் படத்தில் நான் வாங்கிய மூச்சை வெட்ட மாட்டார். அதுதான் அவர் கைவரிசை. பாட்டு இருக்காது, தடபுடல் இருக்காது. காற்று, கயிறு உரசுவது, ஏறுபவன் மூச்சு, அடியில் என் மூச்சு. பார்க்கிறவர்களுக்கு உள்ளங்கை வேர்த்துவிடும். உயரத்துக்குப் பயந்தவர் வெட்டினால்தான் உயரம் உயரமாகத் தெரியும் என்று நான் அடித்துச் சொல்வேன்.

இப்படியே வண்டி ஓடிக்கொண்டிருந்தபோதுதான் இமாசலத்துப் பாறைக்குப் போனேன். ஏறுபவன் கோயமுத்தூர்க்காரன், என்னைவிடச் சின்னவன், வாய்க்கு வாய் “அக்கா” என்பான். அவன் சட்டைப் பையில் சின்ன ரெக்கார்டர், நெஞ்சில் மைக். அவனுக்குப் பக்கத்தில் இன்னொரு கயிற்றில் நான். பாதி உயரத்தில், என் கயிற்றை மாட்டியிருந்த கொக்கி பாறை இடுக்கிலிருந்து பிடுங்கிக்கொண்டு வந்துவிட்டது. சர்ரென்று போனேன். அடுத்த கொக்கி தாங்கியது, ஆனால் ஊஞ்சல் போல ஆடிப்போய்ப் பாறையில் மோதினேன். கேமராப் பட்டை அறுந்து, கேமரா பள்ளத்தாக்கில் போயே போச்சு. எனக்கு விலாவில் நல்ல அடி. கொஞ்ச நேரம் மூச்சே வரவில்லை.

இறங்கி வந்ததும் போன் போட்டேன். “கேமரா கை தவறி விழுந்துடுச்சி. எனக்கு ஒண்ணும் ஆகல.” கேமராவே போன பிறகு எதை வைத்துக் கண்டுபிடிக்கப் போகிறார் என்று உள்ளுக்குள் ஒரு நிம்மதி வேறு. இந்தத் தொழிலில் தலை நரைக்கும் வரை இருந்துவிட்டு, படம் வேறு சத்தம் வேறு என்பதை மறந்தேன் பாருங்கள்! அந்தப் பையன் சட்டைப் பையில் ரெக்கார்டர் ஓடிக்கொண்டே இருந்திருக்கிறது. வழக்கம்போல எல்லாக் கார்டுகளையும் ஒரு டப்பாவில் போட்டுக் கொண்டுவந்து, நானே என் கையால் அவர் மேஜையில் வைத்தேன்.

மறுநாள் மதியம் சமையல்கட்டில் வஞ்சிரம் வறுத்துக்கொண்டிருந்தேன். தட்டில் ரெண்டு துண்டு எடுத்துக்கொண்டு, “சூடா இருக்கு, தின்னு பாருங்க” என்று அவர் அறைக்குப் போனேன். ஹெட்போனை ஒரு காதில் மட்டும் வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தார். முகம் வெளிறிப்போயிருந்தது.

“அந்தப் புள்ள அக்கா, அக்கான்னு கூப்புடுது. நீ பேசல.”

எனக்குப் புரிந்துவிட்டது. தட்டைக் கீழே வைத்தேன். “மூச்சு அடைச்சிக்கிச்சி. அதான் பேச முடியல. அவ்ளோதான்.”

“அவ்ளோதானா? அவன் அழுவ ஆரம்பிச்சிட்டான். அப்பவும் நீ பேசல. நான் ஒரு காத எடுத்துட்டுக் கேட்டேன். சமையக்கட்டுல மீனு வறுபடுற சத்தம் வருதான்னு கேட்டேன். இந்தக் காதுல நீ இருக்க. அந்தக் காதுல இல்ல.”

அவர் ஹெட்போனைக் கழற்றி, ஒயரைச் சுற்றி, மேஜை மேல் வைத்தார். “இனிமே உன் படத்த நான் வெட்ட மாட்டேன். என்னால ஆவாது.”

எனக்குக் கோபம் மூக்கு நுனியில் நிற்கும். “அப்ப நான் வேலைய உட்டுட்டு வீட்ல உக்காந்து வடகம் போடணுமா?”

“நான் அப்டி சொல்லல. நீ போ. நான் கேக்க மாட்டேன், அவ்ளோதான்.”

“யோவ், நான் என்னா பீச்சுல காத்து வாங்கவா போறேன்?” என்று கத்தினேன். கீழேயிருந்து தாந்த், “என்னாடி அங்க சத்தம்?” என்றார். “ஒண்ணும் ஆகல தாந்த்!” என்று நான் பதில் கத்தியதும், என் வீட்டுக்காரர் என்னை ஒரு பார்வை பார்த்துவிட்டுச் சட்டையை மாட்டிக்கொண்டு வெளியே போய்விட்டார். வஞ்சிரம் ஆறிப்போனது.

அதற்குப் பிறகு வீட்டில் சண்டை இல்லை. சண்டை இருந்தால்கூடத் தேவலை. “சாப்பாடு ஆச்சா?” “ஆச்சு.” அவ்வளவுதான் பேச்சு. அந்த அறைக் கதவு மூடியே கிடந்தது. பயந்துபோனேன். படம் பாதியில் நின்றுவிடும் என்கிற பயம் இல்லை அது. ஊரில் எடிட்டருக்கா பஞ்சம்? நான் அங்கே தொங்கிக்கொண்டு பார்ப்பதை, ஒரு மயிரிழை குறையாமல் இங்கே உட்கார்ந்து பார்க்கிற ஆள் உலகத்திலேயே இவர் ஒருத்தர்தான். அவர் காதை மூடிக்கொண்டால் நான் எவ்வளவு உயரம் ஏறி என்ன? தனியாகத் தொங்குவது எப்படி இருக்கும் என்று அந்த வாரம்தான் எனக்குத் தெரிந்தது.

வீம்புக்குச் சென்னையில் ஓர் எடிட்டரைப் பிடித்தேன். கெட்டிக்காரன், வேகமாக வெட்டி அனுப்பினான். போட்டுப் பார்த்தேன். மூச்சையெல்லாம் துடைத்து எடுத்துவிட்டு, டமடமவென்று டிரம்ஸ் போட்டிருந்தான். பாறை ஏறுகிறவன் சிமெண்ட் விளம்பரத்தில் வருகிற ஆள் மாதிரி இருந்தான். காபி எடுத்துக்கொண்டு அந்தப் பக்கம் வந்த என் வீட்டுக்காரர் கதவோரம் நின்றார்.

“அங்க என்னாத்துக்கு டிரம்ஸு?”

“உங்களுக்கு என்ன? நீங்கதான் கேக்க மாட்டேன்னீங்களே.”

“காது இருக்குதே, என்னா பண்றது?” என்று சொல்லிவிட்டுப் போய்விட்டார்.

கேமராவோடு பள்ளத்தில் போன பகுதிதான் படத்தின் உயிர். அதற்குப் பதிலாக இன்னொரு பாறை ஏற்றம் எடுத்துச் சேர்க்கச் சொன்னார்கள் படத்துக்குப் பணம் போட்டவர்கள். இமாசலத்தில் அதற்குள் பனி விழ ஆரம்பித்துவிட்டது. நம் பக்கத்திலேயே இருக்கிறதே செஞ்சி! கோட்டை இருக்கும் மலையை விட்டுவிட்டு, தள்ளி ஒரு மொட்டைப் பாறைக் குன்றைப் பார்த்துவைத்தேன். கோயமுத்தூர்க்காரன் வர ஒப்புக்கொண்டான். என் கயிற்றைக் கீழே நின்று பிடிக்கத்தான் ஆள் வேண்டும். ஏறுபவர் இடுப்பில் கட்டின கயிறு உச்சியில் ஒரு வளையத்தில் நுழைந்து கீழே வரும். கீழே நிற்பவர் அதைத் தன் இடுப்புப் பட்டையில் மாட்டிக்கொண்டு, நாம் ஏற ஏறத் தளர்வு இல்லாமல் இழுத்துக்கொண்டே இருக்கவேண்டும். நாம் விழுந்தால் அவர்தான் நம்மைப் பிடிக்கிறவர்.

அந்த நேரத்தில் மொட்டை மாடியில் துணிக் கயிறு காணாமல் போனது. தாந்த் தெருவையே கூட்டிவிட்டார். “பட்டப்பகல்ல துணிய உட்டுட்டுக் கயித்த எடுத்துட்டுப் போவானா திருடன்?” நான் கட்டிலுக்கு அடியில் பெருக்கும்போதுதான் பார்த்தேன்: கட்டில் காலில் அந்தக் கயிறு. எட்டு மாதிரி வளைத்துப் போடுகிற, பாறை ஏறுபவர்கள் முடிச்சு. தப்பாகத்தான் போட்டிருந்தது. பக்கத்திலேயே இன்னொன்று. அது கொஞ்சம் பரவாயில்லை.

அவரைக் கூப்பிட்டேன். “இது என்னா?”

திருட்டுப் பூனை போல நின்றார். “கயிற நான் புடிக்கிறேன்.”

எனக்குச் சிரிப்பு வந்துவிட்டது. “ஸ்டூல புடிக்கிற மாதிரின்னு நெனச்சீங்களா? என் படமே வேணாம்னு சொன்ன ஆளு!”

“வெட்ட மாட்டேன்னுதான் சொன்னேன். உன்ன உட்டுட்டேன்னு சொன்னனா?” குரல் உயர்ந்தது. அவர் குரல் உயர்ந்து நான் கேட்டதே அபூர்வம். “அந்த ரூம்ல உக்காந்து நான் கேக்குறப்ப எல்லாம் நடந்து முடிஞ்சி போயிருக்கு. நீ உழுந்து ஒரு வாரம் ஆயிருக்கு. நான் என்னா பண்ண முடியும்? திரும்பப் போட்டுக் கேக்கத்தான் முடியும். இத்தினி வருஷமா அதத்தான் பண்றேன். நடக்கறப்ப ஒரு வாட்டியாவது நான் அங்க இருக்கணும்.”

சிரிப்பு எங்கே போனதென்று தெரியவில்லை. நான் கயிற்றை அவிழ்த்து, சரியான முடிச்சை மெதுவாகப் போட்டுக் காட்டினேன்.

பிறகு சனி, ஞாயிறு ஆனால் செஞ்சிதான். கோயமுத்தூர்க்காரன் தாழ்வான பாறையில் ஏறி வேண்டுமென்றே விழுவான், இவர் பிடிப்பார். முதல் நாள், அண்ணாந்து பார்த்ததற்கே தலை சுற்றிப் புளியமரத்துக்குப் பின்னால் போய் வாந்தி எடுத்துவிட்டு வந்தார். வாயைக் கொப்பளித்துவிட்டு, “ம், ஏறு” என்றார். தொப்பையைப் பார்த்துப் பையன் சிரித்தான்: “நல்ல எடைங்க மாமா, அக்கா விழுந்தாலும் நீங்க அசைய மாட்டீங்க.” அந்தத் தொப்பைக்கு வாழ்க்கையில் கிடைத்த முதல் மரியாதை. வரும் வழியில் எனக்கும் சேர்த்து இவர்தான் பரோட்டா தின்றார்.

ஷூட்டிங் அன்று வெயில் ஏறுவதற்குள் முடித்துவிட நினைத்தோம். பையன் மேலே போய் வளையங்களை மாட்டிவிட்டு, உச்சி விளிம்பு ஓரமாக நகர்ந்து வரவேண்டும். நான் பாதிப் பாறையில் தொங்கியபடி அவனை எடுக்கவேண்டும். கயிறு உரசும் சத்தம் எனக்கு வேண்டும் என்று, ரெக்கார்டரை என் வீட்டுக்காரர் சட்டைப் பையில் போட்டு மைக்கை மாட்டிவிட்டேன். அவர் என் இடுப்பு முடிச்சை ஒருமுறை இழுத்துப் பார்த்தார். நான் அவர் கொக்கியை இழுத்துப் பார்த்தேன். “போறேன்” என்றேன். “ம்” என்றார்.

ஏறினேன். நல்ல பாறை. கேமராவில் பையன் அழகாக வந்துகொண்டிருந்தான். இன்னும் கொஞ்சம் பக்கவாட்டில் போனால் பின்னால் வயல்வெளி தெரியும் என்று ஆசைப்பட்டு, ஒரு பாறைப் பொருக்கின் மேல் காலை வைத்தேன். பட்டென்று பெயர்ந்தது. கை விட்டுப்போச்சு. அடுத்த நொடியே கயிறு இறுகி இடுப்பைப் பிடித்து நிறுத்தியது. ஒரு முழம்கூட விழுந்திருக்க மாட்டேன். கேமரா கையிலேயே இருந்தது.

பழக்கதோஷம், கத்தினேன்: “ஒண்ணும் ஆகல!”

கீழேயிருந்து சாவதானமாகப் பதில் வந்தது: “தெரியும்.”

எனக்கு மேலே தொங்கிக்கொண்டே சிரிப்பு. திமிரைப் பார் இந்த மனுஷனுக்கு! குனிந்து பார்த்தேன். தொப்பியும், தொப்பியடியிலிருந்து என் பக்கமாக மேலே போகும் கயிறும்தான் தெரிந்தது. விட்ட இடத்திலிருந்து ஏறி, வயல்வெளியோடு ஷாட்டை எடுத்துக்கொண்டு இறங்கினேன். கீழே வந்ததும் கயிற்றைச் சுருட்டிக்கொண்டே, “பசிக்குது, போலாமா?” என்றார்.

வீட்டுக்கு வந்தோம். அவர் குளிக்கப் போனார். நான் அந்த அறைக் கதவைத் திறந்து, மேஜையில் தூசி தட்டிவிட்டு, அவர் நாற்காலியில் உட்கார்ந்தேன். இத்தனை வருஷத்தில் நான் ரஷ் கேட்டதே இல்லை. கேட்பது அவர் வேலை. கயிற்றுச் சத்தம் சரியாக விழுந்திருக்கிறதா பார்க்கலாம் என்றுதான் ஹெட்போனை மாட்டினேன்.

கயிற்றுச் சத்தம் நன்றாகவே விழுந்திருந்தது. அதன் கூடவே அவர் முணுமுணுப்பு. “வலது காலு... ம்... அங்கதான்... பாத்து... பாத்து...” ஸ்டூலுக்குச் சொல்கிற அதே ‘பாத்து’. காகம் கத்தியது. பிறகு பட்டென்று ஒரு சத்தம், எங்கோ தூரத்தில் பொடியாக ஓர் அலறல். என் குரலா அது? இவ்வளவு சின்னதாகவா கேட்கும்? கயிறு விர்ரென்றது. அவர் மூச்சு நின்றது. காகம்கூட அந்த நேரம் பார்த்துக் கத்தவில்லை.

“புடிச்சிட்டேன்.”

யாரிடமும் சொல்லவில்லை. வாய்க்குள்ளே சொல்லிக்கொண்டார். “புடிச்சிட்டேன். புடிச்சிட்டேன்.” மேலேயிருந்து நான் “ஒண்ணும் ஆகல” என்பது கேட்டது. தொண்டையைச் செருமிக்கொண்டு, பெரிய மனுஷக் குரலில் “தெரியும்” என்றார். அப்புறம் திரும்பவும் அந்தச் சின்னக் குரல், மூக்கை உறிஞ்சிக்கொண்டு, நான் மேலே சிரித்துக்கொண்டு ஷாட் எடுத்த நேரம் முழுக்க: “புடிச்சிட்டேன்... புடிச்சிட்டேன்... புடிச்சிட்டேன்டி...”

எனக்கு எழுந்து ஓடிப்போய் அந்தக் குன்றின் அடியில் அவர் பக்கத்தில் நிற்கவேண்டும் போல இருந்தது. எப்படி நிற்பது? எல்லாம் காலையிலேயே நடந்து முடிந்துவிட்டதே. ஒரு காதை மட்டும் எடுத்துவிட்டுக் கேட்டேன். குளியலறையில் தண்ணீர் விழுகிற சத்தம் வந்தது. திரும்ப மாட்டிக்கொண்டு, முதலிலிருந்து போட்டேன். திரும்பவும் போட்டேன்.

தலையைத் துவட்டிக்கொண்டே வாசலில் வந்து நின்றார். என் கன்னம் நனைந்திருந்ததைப் பார்த்தார், ஹெட்போனைப் பார்த்தார். வெட்கம் வந்துவிட்டது அவருக்கு.

“அத எடுத்துடு. கயிறு சத்தம் மட்டும் வெச்சிக்க.”

“ரஷ்ல யாரும் கைய வெக்கக் கூடாது” என்றேன்.

அவர் துண்டைத் தோளில் போட்டுக்கொண்டு உள்ளே வந்தார்.

“தள்ளு” என்றார். “அது என் சீட்டு.”